எந்தப் பூஜைக்குப் பிறகு?

பாய்லர் வெடித்தது துர்கா பூஜைக்கு ஒன்பது நாள் முன்பு, காலை பத்தேகால் மணிக்கு. கல்கத்தாவில் டாக்குரியா ரயில் நிலையத்தில் இறங்கி, தண்டவாளத்தைத் தாண்டிக் கிழக்கே போனால் வரும் ஒரு சாய ஆலை. கரி அள்ளிப் போடும் இரண்டு பேர் அந்த இடத்திலேயே இறந்தார்கள்.

ஓர் ஆங்கில நாளிதழில் நான் சப்-எடிட்டராகச் சேர்ந்து அப்போது ஏழு மாதம். தொண்ணூறுகளின் தொடக்கம். நிருபர் தொலைபேசியில் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டேன். நான்கு வரியாக வெட்டி ஐந்தாம் பக்கத்துக்கு அனுப்பினேன். நான்காவது வரி: பாய்லரை இயக்கியவரின் கவனக்குறைவே காரணம் என்று நிர்வாகம் தெரிவித்தது.

தொழில்முறையில் அந்த வரியில் குறை சொல்ல முடியாது. யார் சொன்னது என்பது அதிலேயே இருக்கிறது. நிருபர் ஆலையின் கம்பெனிப் பெயரைச் சொன்னார். எங்கள் வீட்டில் யாரும் அந்தப் பெயரைப் பயன்படுத்தியதில்லை. அது எங்களுக்கு ‘ரெட்டைச் சிம்னி’. பாய்லரை இயக்கியவர் என் சித்தப்பா என்பது மாலையில் லேக் கார்டன்ஸில் அவர் வீட்டுக்குப் போனபோது, பூட்டிய கதவின் முன் பக்கத்து வீட்டு பௌதி, வங்காளி அண்ணி, சொல்லித்தான் தெரிந்தது.

மறுநாள் ஆஸ்பத்திரியில் சித்தப்பாவின் முழங்கை வரை கட்டு. இடது காது போய்விட்டது. கட்டிலில் எங்கள் பத்திரிகை கிடந்தது. யாரோ பழம் சுற்றிக்கொண்டு வந்தது. அவருக்கு ஆங்கிலம் மெதுவாக எழுத்துக்கூட்டித்தான் வரும். எழுத்துக்கூட்டியிருந்தார்.

“நீ எழுதுனதாட்டி இது?”

“எழுதல சித்தப்பா. திருத்துனேன்.”

“திருத்துனியா? நல்லாத் திருத்துன போ.”

நான் மறுப்புச் செய்தி போட முடியுமா என்று செய்தி ஆசிரியரிடம் கேட்டேன். நிர்வாகம் சொன்னதை நிர்வாகம் சொன்னது என்றுதானே போட்டிருக்கிறோம், எதை மறுப்பது என்றார். சரிதான். இன்றுவரை எனக்கு அந்தப் பதிலில் ஓட்டை கண்டுபிடிக்கத் தெரியவில்லை.

சித்தப்பா தரப்பு இதுதான். அந்த பாய்லரின் சேஃப்டி வால்வு, அழுத்தம் ஓர் அளவைத் தாண்டினால் தானே திறந்து ஆவியை வெளியேற்ற வேண்டும். நீராவி வீணாகிறது என்று அதன் தண்டில் யாரோ ஓர் இரும்புத் துண்டைக் கூடுதலாகக் கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள். அவர் இரண்டு முறை அவிழ்த்தார். இரண்டு முறையும் அடுத்த ஷிப்டில் திரும்பக் கட்டப்பட்டிருந்தது. லாக் புத்தகத்தில் எழுதினார். அன்று காலை மூன்றாம் முறையாக எழுதிவிட்டு, எஞ்சினியரைக் கையோடு கூட்டி வரப் போனார். முற்றத்தில் நடந்துகொண்டிருந்தபோது வெடித்தது. நிர்வாகத்தின் தரப்பு, அவர் தன் இடத்தில் இல்லை என்பது. லாக் புத்தகம் கிடைக்கவில்லை என்றார்கள். பாய்லர் இயக்குவதற்கான அவருடைய தகுதிச் சான்றிதழை விசாரணைக்காக அரசு அலுவலகம் வாங்கி வைத்துக்கொண்டது. அந்தக் காகிதம் இல்லாமல் இந்தியாவில் எந்த பாய்லர் பக்கத்திலும் அவர் நிற்க முடியாது.

பூஜை முடிந்து, விஜயா வாழ்த்துச் சொல்ல வீடு வீடாகப் போகும் வாரத்தில், ஆலையின் லேபர் ஆபீசர் சந்தேஷ் இனிப்புப் பெட்டியோடு சித்தப்பா வீட்டுக்கு வந்தார். நானும் அங்கே இருந்தேன். தட்டச்சு செய்த ஒரு கடிதத்தைப் பாயில் வைத்தார். தவறு என்னுடையது என்று நான்கு வரி. இதற்கும் நான்கு வரிதான். கையெழுத்துப் போட்டால் கேட்டில் வாட்ச்மேன் வேலை. அவர்கள் வங்காளத்தில் பேசியதை எங்கள் வீட்டுத் தமிழிலேயே எழுதுகிறேன்.

“மிஸ்திரி, உட்கார்ந்த இடத்துல சம்பளம். இந்த வயசுல வேற என்ன வேணும்?”

“பாய்லர நாந்தான் வெடிக்க வச்சேன்னு எழுதிக் குடுத்துட்டு, அதே கேட்டுல நான் காவலுக்கு உக்காரணும். செத்தவன் பொஞ்சாதி அந்த வழியாத்தான் கடைக்குப் போவா. அவளுக்கு நான் எழுந்து சலாம் போடணுமா, உக்காந்தே போடலாமா? அதையும் இதுல எழுதிருங்க சார்.”

ஆபீசர் கடிதத்தை மடித்துக்கொண்டு எழுந்தார். பெட்டியையும் எடுக்கப் போனார்.

“சந்தேஷ் இருக்கட்டும். அதுக்குக் கையெழுத்து வேண்டாம்லா?” என்றார் சித்தப்பா.

லேக் மார்க்கெட்டில் ஒரு காபிக் கடையில் கொட்டை வறுத்து அரைக்கும் வேலைக்குப் போனார். கொதிகலனைப் பார்த்த ஆளுக்கு வறுக்கும் உருளை விளையாட்டுச் சாமான் என்று சித்தி அழுதாள். எந்திரத்தின் சத்தம் ஒரு காதுக்குத்தானே, பாதிதான் கேட்கும் என்றார் அவர்.

இந்த இடத்தில் ஒரு சட்டமன்ற உறுப்பினர் வருகிறார். அந்த ஆலையின் யூனியன் தலைவர் அவர்தான். அங்கேயே நூல் காயவைக்கும் பிரிவில் வேலை செய்தவர். அந்தத் தொகுதியில் ஆளும் கூட்டணியின் பெயரில் இரண்டு முறை ஜெயித்தவர். ஆலைக்காரர்களுக்கு அவர் தாதா, வங்காளத்தில் அண்ணன். ஒல்லி. தோளில் துணிப்பை. குரல் மட்டும் ஆளைவிட இரண்டு மடங்கு. விபத்து பற்றி அவையில் அவர் கேள்வி எழுப்பினார். விசாரணை அறிக்கை வந்ததும் அவையின் முன் வைக்கப்படும் என்று அமைச்சர் சொன்னார். நான் அதற்குள் நிருபராகி, பத்திரிகையாளர் மாடத்தில் உட்கார்ந்திருந்தேன். குறித்துக்கொண்டேன். செய்தியாகப் போடவில்லை. அமைச்சர்கள் தினமும் அப்படி ஏதாவது சொல்வார்கள்.

அவர் அப்படி நினைக்கவில்லை. அமைச்சர்கள் அவையில் தரும் வாக்குறுதிகள் நிறைவேறினவா என்று பார்க்க ஒரு குழு உண்டு. கட்சியில் யாரை கௌரவிக்கவும் வேண்டும், ஓர் ஓரத்தில் உட்கார வைக்கவும் வேண்டுமோ, அவரை அதற்குத் தலைவராக்குவது வழக்கம் என்று மாடத்தில் கேலி செய்வோம். அடுத்த ஆண்டு அவரை அதற்குத் தலைவராக்கினார்கள். முதல் கூட்டத்துக்கு நீளமான ஒரு பேரேட்டு நோட்டை எடுத்துக்கொண்டு போனார். ‘பார்க்கிறோம்’, ‘பரிசீலனையில் இருக்கிறது’, ‘தகவல் திரட்டப்படுகிறது’ என்று அமைச்சர் சொல்லும் ஒவ்வொன்றும் ஒரு வாக்குறுதி; அதற்கு ஓர் எண், சொன்ன தேதி, கேட்க வேண்டிய தேதி. கடைசிப் பத்தியில், வந்த பதில்.

அந்தக் கடைசிப் பத்தியில் அதிகம் இருந்த பதில், ‘புஜோர் பொரே’. பூஜைக்குப் பிறகு. கல்கத்தாவில் வாழ்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டாம். ஆகஸ்டு மாதம் தொடங்கினால் குழாய் ரிப்பேர், பல் பிடுங்குவது, கல்யாணப் பேச்சு எல்லாம் பூஜைக்குப் பிறகுதான். பூஜை முடிந்தால் காளி பூஜை, அப்புறம் குளிர். யாரும் பொய் சொல்வதில்லை. சொல்கிற நேரத்தில் எல்லாரும் நம்பித்தான் சொல்கிறார்கள்.

ஒருமுறை குழு அறைக்கு வெளியே ஒரு துறைச் செயலாளர் அப்படிச் சொல்லிவிட்டு நகரப் பார்த்தார். இவர் நோட்டைத் திறந்து, பேனா மூடியைக் கழற்றி, “எந்தப் பூஜைக்குப் பிறகு? ஆண்டையும் சேர்த்துச் சொல்லுங்கள்” என்றார். செயலாளர் சிரித்தார். இவர் சிரிக்கவில்லை. பேனா அப்படியே நின்றது.

சாய ஆலை அறிக்கை அந்த நோட்டில் பதினேழாம் எண். மாதம் ஒருமுறை அவர் லேக் மார்க்கெட் கடைக்கு வந்து, கல்லாவுக்கு முன்னால் நின்று, கால் கிலோ காபித்தூள் கேட்பார். அவர் காபி குடித்து நான் பார்த்ததில்லை.

“தாதா, சிக்கரி போடவா வேண்டாமா?”

“நீ என்ன போட்டாலும் என் வீட்டுல கீழ் வீட்டுக்காரருக்குத்தான் போகுது. அவர் இதுவரைக்கும் குறை சொல்லல.”

“பதினேழு எங்க நிக்கி?”

“நினைவூட்டல் ஆறு போட்டாச்சு. ஏழாவது திங்கக்கிழமை.”

“அந்தக் காயிதம் வாறதுக்குள்ள என் இன்னொரு காதும் போயிரும். அப்புறம் நீங்க படிச்சுக் காட்டுனாலும் பிரயோசனம் இல்ல.”

“எழுதிக் காட்டுறேன், மிஸ்திரி.”

இப்படிச் சில வருஷம். பிறகு துறையிலிருந்து குழுவுக்கு ஒரு கடிதம் வந்தது. விஷயம் பழையது, ஆலையும் கைமாறிவிட்டது, எனவே இந்த வாக்குறுதியைக் கைவிடுமாறு கேட்டுக்கொள்கிறோம். கைவிட விதியில் இடம் உண்டு. குழுவில் மற்றவர்கள் தலையாட்டினார்கள். இவர் கைவிட மறுத்தார். மறுத்ததை அறிக்கையில் அச்சடித்து அவையில் வைத்தார். சொந்த அரசின் அமைச்சர், சொந்தக் கட்சிக்காரர். அடுத்த தேர்தலில் அவருக்கு டிக்கெட் இல்லை. யூனியன் தலைமையும் மாறியது. நான் பேட்டி எடுக்கப் போனேன்.

“கட்சிக்குள்ளேயே கேட்டிருக்கலாமே என்கிறார்கள்.”

“கேட்டேன் மா. பூஜைக்குப் பிறகு பார்க்கலாம்னாங்க.”

பதவி போனதும் நோட்டை ஒப்படைக்க வேண்டும். ஒப்படைத்தார். அதற்கு முன் ஒரு மாதம் உட்கார்ந்து முழுவதையும் இன்னொரு நோட்டில் பிரதி எடுத்திருந்தார். டாக்குரியாவில் தண்டவாளத்துக்கு இந்தப் பக்கம், தன் வீட்டு முன்னறையில் ஒரு மேசை போட்டுக்கொண்டார். குழுத் தலைவராகப் போட்ட நினைவூட்டல்களை இனிக் குடிமகனாகப் போட்டார். பள்ளிக்கூடக் கட்டடம், ஆஸ்பத்திரிப் படுக்கை, மேம்பாலம் என்று எல்லாம் அதில் இருந்தன. கடிதத்தைத் தானே எடுத்துக்கொண்டு போய், பிரதியில் ‘பெற்றுக்கொள்ளப்பட்டது’ முத்திரை குத்தினால்தான் நகர்வார். முத்திரை தொலைந்துவிட்டது என்று சொன்ன ஓர் அலுவலகத்தில், முத்திரை தொலைந்ததைப் பற்றி ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தார். நாங்கள் பத்திரிகைக்காரர்கள் அவரிடம் செய்தி வாங்கினோம்; அவர் முதுகுக்குப் பின்னால் பதினேழாம் நம்பர் என்று பெயரும் வைத்தோம். அதில் நானும் உண்டு.

தகவல் உரிமைச் சட்டம் வந்ததும் முதல் வாரத்திலேயே விண்ணப்பம் போட்டார். கோப்பு இல்லை என்றார்கள். மேல்முறையீடு செய்தார். இருக்கிறது, தர இயலாது என்றார்கள். ஒரு வருஷத்துக்கும் மேலாக நடந்தது. ஒருநாள் காலை எனக்குப் போன் செய்து லேக் மார்க்கெட்டுக்கு வரச் சொன்னார். “உன் சித்தப்பா அறிக்கை” என்று மட்டும் சொன்னார்.

நான் போனபோது கடையில் கூட்டம் இல்லை. சித்தப்பா எந்திரத்தை நிறுத்தியிருந்தார். கல்லா மேல் பதினொரு பக்கம். வால்வில் கூடுதல் எடை கட்டப்பட்டிருந்தது. இயக்கியவர் மூன்று முறை லாக் புத்தகத்தில் எழுதியிருக்கிறார். புத்தகம் விசாரணை அதிகாரியின் கையில் இருந்திருக்கிறது. வெடித்தபோது அவர் எஞ்சினியரை அழைக்கப் போயிருந்தார். அவர்மீது தவறு இல்லை. இந்தக் கடைசி வரியை நான் தமிழில் சொன்னேன். சித்தப்பா வலது காதைத் திருப்பி இன்னொரு தடவை சொல்லச் சொன்னார்.

“இந்தப் பதினொரு பக்கம் போதும் மிஸ்திரிக்கு” என்றார் முன்னாள் உறுப்பினர். வழக்கமான குரல் இல்லை. பிறகு துணிப்பையிலிருந்து இன்னும் இரண்டு தாளை எடுத்து வைத்தார். “ஆனா இதுவும் அதோட சேர்ந்தது. அனுபந்தம்.”

ஆண்டுச் சோதனைக்காக பாய்லரை அணைத்து, ஆற வைத்து, திறந்து காட்ட வேண்டிய தேதி, வெடித்த நாளுக்கு மூன்று வாரம் முந்தியது. தேதியைத் தள்ளிப் போடும்படி நிர்வாகமும் யூனியனும் கூட்டாக மனுக் கொடுத்திருந்தன. பூஜைக்குப் புடவைகள் போக வேண்டிய சமயம். அணைத்தால் ஓவர்டைம் நிற்கும். சோதனை நடந்திருந்தால் அந்த எடையை யாராவது பார்த்திருப்பார்கள் என்று அதிகாரி எழுதியிருந்தார். மனுவின் அடியில் யூனியன் தலைவரின் கையெழுத்து. அதற்கு மேலே, வங்காளத்தில், அவர் கையாலேயே இரண்டு சொல். புஜோர் பொரே.

நான் அவர் முகத்தைப் பார்த்தேன். தொழில் பழக்கம்.

“மறந்தே போச்சு” என்றார். “சத்தியமா மறந்தே போச்சு, மிஸ்திரி. கேட் மீட்டிங்ல யாரோ நீட்டுனாங்க. நின்னுக்கிட்டே போட்டேன். இத்தனை வருஷமா ஊர்ல ஒருத்தன் விடாம எந்தப் பூஜைன்னு கேட்டிருக்கேன்.”

“எனக்கு மறக்கல” என்றார் சித்தப்பா.

அவர் ஒரு துணியை எடுத்து, சுத்தமாக இருந்த தராசுத் தட்டைத் துடைத்தார்.

“கை தூக்கச் சொன்னீக. எல்லாவனும் தூக்குனான். நான் தூக்கல. நீங்க மேசை மேல நின்னுக்கிட்டு, ‘என்ன மதராஸி மிஸ்திரி, உங்க ஊர்ல பூஜா கிடையாதா, பொண்டாட்டிக்குப் புடவை வேண்டாமா’ன்னு கேட்டீக. எல்லாவனும் சிரிச்சான். செத்த ரெண்டு பேரும் சிரிச்சானுவ.”

ஒரு பெண் வந்து அரைக் கிலோ கேட்டாள். சித்தப்பா அரைத்துக் கொடுத்து அனுப்பினார்.

“தெரிஞ்சும் ஏன் சொல்லல?” தாதாவின் குரல் திரும்பியிருந்தது. கோபம் போலவே இருந்தது. “மாசா மாசம் வந்து நின்னேனே!”

“சொன்னா நீங்க வாறத நிறுத்திருவீக. வேற எவன் கேப்பான்? எம்மேல தப்பு இல்லன்னு எனக்குத் தெரியும். அது காயிதத்துல வரணும். அதுக்கு உங்கள விட்டா ஆள் கிடையாது. மன்னிச்சுட்டேன்னெல்லாம் இல்ல தாதா. கால் கிலோவுக்கு மேல உங்களுக்கு நான் ஒண்ணும் குடுக்கல.”

தாதா தலையை ஆட்டினார். இரண்டு தாளையும் பதினொரு பக்கத்தின் கீழே வைத்து, பதின்மூன்றையும் சேர்த்துத் தட்டி நேராக்கி, என் பக்கம் தள்ளினார்.

“பிரிச்சுப் போடாதே மா. இது இல்லாம அதைப் போட்டா, நானே உங்க ஆசிரியருக்குக் கடிதம் எழுதுவேன். முத்திரை கேப்பேன்.”

அலுவலகத்தில் செய்தி ஆசிரியர் வேறு ஆள், என்னைவிடச் சின்னவர். பழைய கதை என்றார். இந்தப் பத்திரிகை அன்று போட்ட நான்கு வரியை வெட்டி வைத்திருந்தேன். அதை மேசையில் வைத்தேன். சரி போடலாம், ஆனால் அனுபந்தம் எதற்கு, அந்த மனிதர் நமக்கு எத்தனை செய்தி தந்திருக்கிறார் என்றார். அதனால்தான் போட வேண்டும் என்றேன். அரை மணி நேரம் நின்றேன். உட்காரச் சொன்னார்; உட்காரவில்லை. ஐந்தாம் பக்கத்தில், ஒரு பத்தியில், முழுவதும் வந்தது. பாய்லரை இயக்கியவர்மீது தவறு இல்லை என்பது முதல் வரி. சோதனையைத் தள்ளிப் போடக் கையெழுத்திட்டவர்களில் அன்றைய யூனியன் தலைவரும் உண்டு என்பது இரண்டாம் வரி.

அந்த வாரமே டாக்குரியாவில் அவர் தெருமுனையில் போஸ்டர் ஒட்டினார்கள். ஊருக்குக் காவல், பாய்லருக்கு யமன் என்று பொருள்படும் வாசகம். நான் போனபோது அவர் கண்ணாடியைத் தூக்கிக்கொண்டு அதன் அடிப்பாகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். வாசகம் சரிதான், ஆனால் அச்சகத்தின் பெயர் இல்லை, சட்டப்படி இருக்க வேண்டும் என்றார். புகார் எழுதினார். போஸ்டரைக் கிழிக்க வந்த பழைய யூனியன்காரர் ஒருவரை, புகாருக்குச் சாட்சியம் அது, கை வைக்காதே என்று விரட்டினார். நோட்டின் முதல் பக்கம் அதுவரை காலியாக இருந்தது. அதில் எண் போடாமல் அந்த மனுவின் தேதியையும் தன் பெயரையும் எழுதியிருந்தார். பதில் பத்தியில் ஒன்றும் இல்லை.

சித்தப்பாவின் சான்றிதழ் இன்னும் அலுவலகத்தில் இருந்தது. ஆகஸ்டு கடைசியில் நாங்கள் மூன்று பேரும் போனோம். சித்தப்பா இஸ்திரி போட்ட சட்டை, முழங்கைக்கு மேல் மடிக்காமல். அதிகாரி பதின்மூன்று பக்கத்தையும் புரட்டினார். மரியாதையானவர்தான், நாற்காலி கொடுத்தார், டீ சொன்னார்.

“உங்களுக்கு அறுபத்து மூணு வயசு. இதை வச்சு என்ன செய்யப் போறீங்க?”

“சுவத்துல மாட்டுவேன்.”

“அதுக்கா இவ்வளவு?”

“ஆமா. ஆணி அடிச்சு வச்சாச்சு.”

அதிகாரி சிரித்து, பேனாவை எடுத்து விண்ணப்பத்தின் ஓரத்தில் ஏதோ எழுதினார். பீரோச் சாவி வேறொருவரிடம் இருக்கிறது, அவர் விடுப்பில், பழைய பதிவேடுகளையும் தேட வேண்டும். “செய்து கொடுத்துவிடலாம். பூஜை முடியட்டும்.”

எனக்குப் பக்கத்தில் துணிப்பையின் பொத்தான் கழலும் சத்தம் கேட்டது. சித்தப்பா அவரைப் பார்த்தார். அந்தக் கேள்வியைக் கேட்கத் தனக்கு இனி உரிமை இருக்கிறதா என்று அவர் ஒரு கணம் யோசித்திருக்கலாம். நோட்டு மடியில் இருந்தது, திறக்கவில்லை.

“கேளுங்க தாதா” என்றார் சித்தப்பா. “எனக்காவ இல்ல. நீங்க கேக்காம இருந்தா எனக்கு இந்தக் காதும் கேக்க மாட்டேங்கு.”

அவர் நோட்டைத் திறந்தார். பேனா மூடியைக் கழற்றினார்.

“எந்தப் பூஜைக்குப் பிறகு? ஆண்டையும் சேர்த்துச் சொல்லுங்கள்” என்றார். அறைக்கு வெளியே இருந்தவர்கள் திரும்பிப் பார்க்கும் குரலில்.

டீ வந்தது. சித்தப்பா குடித்துவிட்டு, கண்ணாடி டம்ளரை மேசையில் வைத்து, நாற்காலியில் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தார். நான் கடிகாரத்தைப் பார்த்து வைத்துக்கொண்டேன். மூன்று மணி பத்து நிமிடம். பேனா நோட்டின் மேல் நின்றது. அலுவலகம் மூட ஐந்து நிமிடம் இருக்கும்போது, விடுப்பில் இருந்தவரின் சாவி, அதே மேசையின் இரண்டாவது இழுப்பறையில் இருந்து வந்தது.